பிறந்தது ஆகஸ்டில், சான்றிதழில் ஜூன்: 21 வயது நிறைவதற்குள் வழக்குத் தொடருங்கள்

கேள்வி: தேவகோட்டை பக்கம் எங்கள் ஊர். என் மகள் பிறந்தது ஆகஸ்ட் 12. பிறப்புச் சான்றிதழில் அப்படித்தான் இருக்கிறது. பள்ளியில் சேர்க்கும்போது நானும் அவள் அப்பச்சியும் (அப்பாவும்) ஊரில் இல்லை. அப்பத்தா தோராயமாகச் சொல்ல, ஜூன் 12 என்று பதிவாகிவிட்டது. பத்தாம் வகுப்புச் சான்றிதழிலும் அதே தேதி. போன மாதம் பாஸ்போர்ட் எடுக்கப் போனபோது இரண்டும் ஒத்துப்போகவில்லை என்று திருப்பிவிட்டார்கள். அவளுக்கு இப்போது 20 வயது. அரசிதழில் வெளியிட்டால் போதும் என்கிறார்கள். பெட்டகத்தில் சாதகமும் இருக்கிறது. என்ன செய்வது?

பதில்: ஆச்சி, அரசிதழுக்குப் பணம் கட்டிவிடாதீர்கள். அது பெயர் மாற்றத்துக்கான வழி. பிறந்த தேதி அதனால் மாறாது.

முதலில் மகள் படிக்கத் தொடங்கிய பள்ளிக்குப் போய், சேர்க்கைப் பதிவேட்டை உங்கள் கண்ணால் பாருங்கள். என்னிடம் வந்த ஒரு வழக்கில் பதிவேட்டில் மாதம் 8 என்றே எழுதியிருந்தது. மேல் வளையம் மை மங்கிப்போய் 6 போலத் தெரிந்ததால், அடுத்த பள்ளியில் 6 என்று ஏற்றிவிட்டார்கள். பதிவேடு சரியாக இருந்து பின்னால் பிழை நேர்ந்திருந்தால், தலைமையாசிரியர் வழியாக அரசுத் தேர்வுகள் இயக்ககத்துக்கு விண்ணப்பித்துத் திருத்தம் கேட்கலாம். நீதிமன்றப் படி ஏற வேண்டியதில்லை.

பதிவேட்டிலேயே ஜூன் என்றிருந்தால், படிப்பை முடித்து வெளியேறிய பிறகு தலைமையாசிரியர் அதில் கை வைக்க மாட்டார். உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைதான் வழி. உண்மையான பிறந்த தேதி ஆகஸ்ட் 12 என்று விளம்புகை, அதாவது நீதிமன்றமே உறுதிசெய்து சொல்லும் தீர்ப்பு, கேட்டு வழக்குத் தொடருங்கள். சான்றிதழைத் திருத்தித் தரும்படி செயலுறுத்துக் கட்டளையையும் அதே மனுவில் சேர்த்துக் கேளுங்கள். விளம்புகை மட்டும் கேட்டால் 1963-ஆம் ஆண்டின் குறித்தவகைத் தீர்வழிச் சட்டம் 34-ஆம் பிரிவின்படி வழக்கு தள்ளுபடியாகக்கூடும். நேரே உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்கு ரிட் மனுவோடு போனாலும், சாட்சியம் பார்த்து முடிவு செய்ய வேண்டிய விஷயம் என்று பெரும்பாலும் உரிமையியல் நீதிமன்றத்துக்கே அனுப்பிவிடுவார்கள்.

உங்கள் பெரிய பலம் பிறப்புச் சான்றிதழ். பிறப்புப் பதிவும் பள்ளிப் பதிவும் முரண்பட்டால் சட்டப்படியான பிறப்புப் பதிவுக்கே மதிப்பு அதிகம் என்று 2009-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. சாதகத்தையும் கொடுங்கள், ஆனால் அது வலுக்குறைந்த சான்று, அதை மட்டும் நம்பி நிற்க முடியாது. பிரசவம் பார்த்த மருத்துவமனையின் சீட்டு கிடைத்தால் அதைவிட நல்லது.

அப்பத்தா நலமாக இருக்கிறார் என்றால் அவர்தான் முக்கிய சாட்சி. தோராயமாகச் சொன்னதை அவர் வாயாலேயே சொல்ல வேண்டும். முதுமையால் நடமாட முடியாவிட்டால், நீதிமன்றம் நியமிக்கும் ஆணையர் வீட்டுக்கே வந்து சாட்சியத்தைப் பதிவு செய்ய வழி இருக்கிறது. அவரால்தான் இந்த வினை என்று வீட்டில் யாரும் பேசிவிடாதீர்கள். பேத்தியைக் கையைப் பிடித்துப் பள்ளியில் கொண்டுபோய்ச் சேர்த்தவர் அவர்.

செலவை நினைத்துத் தயங்க வேண்டாம். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசச் சட்ட உதவி உண்டு. வட்டச் சட்டப் பணிகள் குழுவில் மகளையே மனுக் கொடுக்கச் சொல்லுங்கள்.

எனக்குக் கவலை தருவது நாள்தான். விளம்புகை வழக்குக்குக் காலவரையறை 3 ஆண்டு. அவள் சிறுமியாக இருந்தபோதே தவறு நேர்ந்ததால், 18 வயதிலிருந்து எண்ணி 21 நிறைந்ததும் காலம் கடந்துவிட்டது என்று எதிர்த்தரப்பு வாதிடும். பாஸ்போர்ட் கேட்டபோதுதான் தெரிந்தது என்று நாம் பதில் சொல்லலாம், ஆனால் அந்த வாதத்துக்கே இடம் தர வேண்டாம். அரசை எதிர்த்து வழக்கிடும் முன் உரிமையியல் நடைமுறைச் சட்டம் 80-ஆம் பிரிவின்படி 2 மாத அறிவிப்பும் கொடுக்க வேண்டும். ஆகவே அறிவிப்பை இந்த வாரமே அனுப்புங்கள். 21 வயதைக் கணக்கிடும்போது மட்டும் ஆகஸ்டை நம்பாமல், சான்றிதழில் இருக்கும் ஜூன் 12-ஐ வைத்தே எண்ணுங்கள்.