மின்சாரக் கார் காலத்தில் எந்த வேலை நிற்கும், எது போகும்? – பெங்களூரு வாசகர் கேள்விகள்

இந்த இதழில் பெங்களூரு வாசகர்கள் அனுப்பிய கேள்விகளுக்கு எங்கள் தொழில்நுட்பக் குழு பதில் தருகிறது.

கேள்வி: நான்கு சி.என்.சி. மெஷின் வைத்து வால்வு கைடும், ஃபியூயல் பம்ப் உதிரிகளும் செய்கிறோம். காரெல்லாம் கரண்டுக்கு மாறிவிடும் என்கிறார்கள். விலை கிடைக்கும்போதே மெஷின்களை விற்றுவிடலாமா? – பட்டறை உரிமையாளர், பீன்யா

விற்காதீர்கள். ஆனால் ஆர்டர் புத்தகத்தை இந்த வாரமே பிரித்துப் பாருங்கள்.

2024-25 நிதியாண்டில் நாட்டில் சுமார் 43 லட்சம் கார்கள் விற்றன. அவற்றில் மின்சாரக் கார்கள் ஒரு லட்சத்துக்குச் சற்று மேல், அதாவது நூற்றுக்கு இரண்டரை. அதன் பிறகு இந்தப் பங்கு ஏறிக்கொண்டுதான் இருக்கிறது. ஆனால் அதே ஆண்டில் கிட்டத்தட்ட ஐந்தில் ஒரு கார் சி.என்.ஜி.யில் ஓடுவதாக விற்றது. பிடதியில் டொயோட்டா செய்யும் ஹைப்ரிட் வண்டிகளிலும் முழு எஞ்சின் உண்டு. எஞ்சின் இருக்கும்வரை, வால்வை நேராக நகரவைக்கும் குழலான வால்வு கைடு வேண்டும். கார் மட்டுமே உங்கள் வாடிக்கை என்றால் சில ஆண்டுகள் கையில் இருக்கின்றன.

உங்கள் உதிரி எந்த வண்டிக்குள் போகிறது என்பதைத்தான் முதலில் தெரிந்துகொள்ள வேண்டும். கார், இருசக்கர வண்டி, ஆட்டோ, டிராக்டர், ஜெனரேட்டர், ஏற்றுமதி, ஜே.சி. ரோடு ஸ்பேர் வியாபாரம் என்று தனித்தனிக் கணக்கு போடுங்கள். மூன்று சக்கர வண்டி விற்பனையில் பாதிக்கு மேல் ஏற்கெனவே மின்சாரம்தான். உங்கள் சரக்கில் பெரும்பகுதி ஆட்டோவுக்குப் போனால், அடி விழுவதற்குக் கார் மாறும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. டிராக்டருக்கும் ஜெனரேட்டருக்கும் போனால் அவ்வளவு அவசரம் இல்லை. ஃபியூயல் பம்ப் உதிரியின் கதை வேறு. டீசல் கார்களின் பங்கு பல ஆண்டுகளாகச் சரிகிறது. டீசல் பம்ப்பை நம்பி இனி ஒரு மெஷின்கூட வாங்க வேண்டாம் என்பது எங்கள் கருத்து.

மின்சாரக் காரில் பிஸ்டன், ரிங், வால்வு, கேம் ஷாஃப்ட், கனெக்டிங் ராட், இன்ஜெக்டர், கிளட்ச், சைலன்சர், பெட்ரோல் டேங்க், ஸ்டார்ட்டர், ஆல்டர்னேட்டர் எதுவும் இல்லை. பிரேக், சஸ்பென்ஷன், ஸ்டியரிங், வீல் பேரிங், சீட், கண்ணாடி எல்லாம் அப்படியே இருக்கும். வண்டியின் எடை கூடுவதால் சஸ்பென்ஷன் புஷ்களும் பேரிங்குகளும் இன்னும் பலமாக வேண்டும். புதிதாக வருபவை மோட்டார் ஷாஃப்ட், மோட்டாரின் சுழலும், நிற்கும் பாகங்களான ரோட்டர்–ஸ்டேட்டர் தகடுகள், நீர் ஓடும் அலுமினிய மோட்டார் கூடு, குறைப்பு கியர், மின்சாரம் கடத்தும் செம்புப் பட்டையான பஸ்பார், பேட்டரித் தட்டு, குளிர்விப்புத் தகடு.

இவற்றில் கியர்தான் கவர்ச்சியாகத் தெரியும். அங்கே அவசரப்பட வேண்டாம். கார் மோட்டார் நிமிடத்துக்கு 12,000 சுற்றைத் தாண்டிச் சுழலும். சுமார் 8 முதல் 11 மடங்கு வரை வேகத்தைக் குறைத்துச் சக்கரத்துக்குத் தருவது ஒரே கியர் தொகுதி. மூடி மறைக்க எஞ்சின் சத்தம் இல்லாததால், பல்லின் வடிவில் சில மைக்ரான் பிசகினாலும் காருக்குள் கீச்சென்று கேட்கும். பழைய கியர்களைப்போல ஹாப்பிங் (பல் வெட்டுவது), ஷேவிங்கோடு (பல்லைச் சீவிச் சரிசெய்வது) நிறுத்த முடியாது. ஹீட் ட்ரீட்மென்ட்டுக்குப் பிறகு கியர் கிரைண்டிங் செய்து டின் என்ற ஜெர்மன் துல்லிய அளவுகோலில் 5, 6 தரத்துக்குக் கொண்டுவர வேண்டும். அந்த கிரைண்டிங் மெஷினுக்குக் கோடிக்கணக்கில் முதல் தேவை, நான்கு சி.என்.சி. வைத்திருப்பவர் தொடங்கும் இடம் அது அல்ல.

உங்கள் கைக்கு ஏற்ற வேலை மோட்டார் ஷாஃப்ட்டும் கூட்டின் மெஷினிங்கும்தான். வால்வு கைடில் துளையின் மைய அச்சைச் சில மைக்ரானுக்குள் பிடித்துப் பழகிய பட்டறைக்கு இது பக்கத்து வீடு. ஷாஃப்ட்டில் பேரிங் உட்காரும் இரண்டு இடங்களும் ஒரே அச்சில் இருக்க வேண்டும். இரண்டையும் ஒரே பிடியில் முடியுங்கள். கழற்றித் திருப்பி மாட்டினால் ரன்-அவுட், அதாவது சுழலும்போது வரும் ஆட்டம், ஏறி, ரோட்டர் பேலன்சிங்கில் மாட்டிக்கொள்ளும். கூட்டில் வரும் சிக்கல் வார்ப்பின் நுண்துளைகள். அச்சில் உருகிய உலோகத்தை அழுத்தி வார்க்கும் டை-காஸ்டிங்கில் அடைபட்ட காற்றுக்குமிழி மெஷினிங்கில் வெளியே வந்து நீர்ப்பாதையில் கசிவாகும். மெஷினிங் செலவு எல்லாம் ஆன பிறகுதான் லீக் டெஸ்டில் தள்ளுபடியாகும். வார்ப்பு ஆர்டர் தரும் கம்பெனி கொடுத்ததென்றால், நுண்துளையால் கழியும் கூட்டின் மெஷினிங் கூலியை யார் ஏற்பது என்பதை ஆர்டரிலேயே எழுதி வாங்குங்கள். இதை விட்டுவிட்டால் லாபம் முழுவதும் அங்கேயே போய்விடும்.

பஸ்பார் எளிதாகத் தோன்றும். ஆனால் ஓரத்தில் நிற்கும் பிசிறு, மேலே போர்த்தும் இன்சுலேஷனைக் குத்திக் கிழித்துவிடும். வெட்டும் டையின் கிளியரன்ஸை (இடைவெளியை) செம்புக்கு ஏற்றபடி வைப்பதும், டையைக் காலத்தோடு தீட்டுவதும்தான் இதில் முக்கால்வாசி வேலை.

இனி எடுக்க வேண்டிய படிகள். வாகன உதிரித் தொழிலுக்கான ஐ.ஏ.டி.எஃப். 16949 தரச் சான்றிதழ் இல்லையென்றால் அதை முதலில் வாங்குங்கள். மாதிரி செய்து, தும்கூர் சாலையில் உள்ள சி.எம்.டி.ஐ. போன்ற அரசு நிறுவனத்தின் அளவியல் ஆய்வகத்தில் அளந்து, அந்த அறிக்கையோடு ஆர்டர் கேளுங்கள். எழுத்தில் ஆர்டர் வராமல் மெஷின் வாங்காதீர்கள். சிறு தொழில்களுக்கான அரசின் உத்யம் பதிவு கட்டாயம் இருக்கட்டும். குறு, சிறு நிறுவனங்களுக்கு 45 நாளுக்குள் பணம் தர வேண்டும் என்பது 2006ஆம் ஆண்டுச் சட்டம். எழுத்தில் ஒப்பந்தம் இல்லையென்றால் 15 நாள். புதிய வேலைக்கு மாறும் காலத்தில் பட்டறையைச் சாய்ப்பது பெரும்பாலும் தாமதமாக வரும் பணம்தான்.

கேள்வி: இந்தியாவின் முன்னோடி மின்சாரக் கார் பெங்களூருவில்தானே பிறந்தது? பிறகு ஏன் பின்தங்கினோம்? – கல்லூரி மாணவி, ஃப்ரேசர் டவுன்

2001இல் விற்பனைக்கு வந்த ரேவா பெங்களூருவின் பிள்ளைதான். லண்டனில் ஜி-விஸ் என்ற பெயரில் ஓடியது. 2010இல் மஹிந்திரா அதைக் கையகப்படுத்தியது. தொடக்கத்தில் அதிலிருந்தது ஈய-அமில பேட்டரி. எடை அதிகம், ஒரு சார்ஜில் 80 கிலோமீட்டர்தான் கணக்கு. லித்தியம் செல் மலிவாகும்வரை சாதாரணக் குடும்பத்துக்கு ஏற்ற மின்சாரக் கார் எந்த நாட்டிலும் வரவில்லை. செல் மலிவானபோது அதைச் செய்யும் ஆலை நம்மிடம் இல்லை. பின்தங்கியது அங்கேதான்.

கேள்வி: ‘இந்தியத் தயாரிப்பு’ என்று விற்கும் மின்சாரக் காரின் உள்ளே இருப்பது சீனச் சரக்குதான் என்கிறார்களே, உண்மையா? – ஓய்வு பெற்ற விமானத் தொழிற்சாலை ஊழியர், அல்சூர்

பாதி உண்மை. பாடி, சேசிஸ், சீட், வயரிங் எல்லாம் இங்கே செய்வதுதான். செல்களை அடுக்கி பேட்டரி பேக் ஆக்கும் வேலையும் இங்கே நடக்கிறது. உள்ளே இருக்கும் செல்தான் பெரும்பாலும் சீனாவிலிருந்து வருகிறது. காரின் செலவில் சுமார் மூன்றில் ஒரு பங்கு பேட்டரி. பேட்டரியின் செலவில் பெரும்பகுதி செல். அதனால் மற்ற எல்லாவற்றையும் இங்கே செய்தாலும் பணத்தின் கனமான துண்டு வெளியே போகிறது.

இதை மாற்ற 2021இல் அரசு ரூ.18,100 கோடியில் செல் உற்பத்தி ஊக்கத் திட்டம் அறிவித்தது. இலக்கு ஆண்டுக்கு 50 கிகாவாட் அவர், அதாவது 5 கோடி யூனிட் கொள்ளளவு. ஒரு காருக்கு 40 யூனிட் பேட்டரி என்று வைத்தால் 12.5 லட்சம் கார்களுக்குப் போதும். அந்த அளவு இன்னும் எட்டப்படவில்லை. இயந்திரம் இறக்குவதோடு வேலை முடிவதில்லை என்பதே காரணம். அலுமினிய, செம்புத் தாள்களில் ரசாயனக் குழம்பைச் சீரான கனத்தில் பூச வேண்டும். உலர்த்தி, உருளையில் அழுத்தி, வெட்டி, அடுக்கி, எலக்ட்ரோலைட் ஊற்றி, மெதுவாக முதல் சார்ஜ் ஏற்றி, நாள் கணக்கில் கிடத்திப் பார்க்க வேண்டும். அடுக்கும் அறையில் காற்றின் பனிநிலை (ஈரம் படியத் தொடங்கும் வெப்பநிலை) மைனஸ் 40 டிகிரிக்குக் கீழே இருக்க வேண்டும். ஈரம் எலக்ட்ரோலைட்டோடு சேர்ந்தால் அமிலமாகும். வெட்டும்போது கண்ணுக்குத் தெரியாத உலோகத் துகள் ஒன்று உள்ளே தங்கினால், மாதங்கள் கழித்துக்கூட ஷார்ட் ஆகலாம். புதிய ஆலையில் முதல் சில மாதங்கள் கழிவு மிகுதியாக இருப்பது இதனால்தான். இந்தக் கைப்பழக்கம் பணத்தால் மட்டும் வருவதில்லை. 2025 ஜூலையில் சீனா எல்.எஃப்.பி. (லித்தியம் இரும்பு பாஸ்பேட்) செல்லின் நேர்மின்முனையான கேத்தோடு செய்யும் தொழில்நுட்பத்தை ஏற்றுமதி செய்வதற்கும் கட்டுப்பாடு போட்டுவிட்டது. நம் ஊருக்குப் பக்கத்திலேயே தேவனஹள்ளி பகுதியில் எக்சைட் நிறுவனம் அமைக்கும் 12 கிகாவாட் அவர் ஆலையை நாங்கள் கவனித்து வருவது இதனால்தான். அது தொடர்ச்சியாக நல்ல செல் தந்தால், கார் தொழிலின் பேச்சே மாறும்.

இரண்டாவது பிடி காந்தம். 2025 ஏப்ரலில் சீனா ஏழு அரிய மண் தனிமங்கள், அவை கலந்த காந்தங்கள் ஆகியவற்றின் ஏற்றுமதிக்கு அனுமதி முறை கொண்டுவந்ததும் இங்குள்ள ஆலைகள் திண்டாடின. பெரும்பாலான கார் மோட்டார்களில் உள்ள நியோடிமியம் காந்தம் சில கிலோதான் இருக்கும். ஆனால் அது இல்லாமல் வண்டி லைனை விட்டு வெளியே வராது. கன்னியாகுமரி மாவட்டம் மணவாளக்குறிச்சிக் கடற்கரை மணலில் மோனசைட் என்ற கனிமம் கிடைக்கிறது, அதிலிருந்து நியோடிமியம் எடுக்கலாம். சூட்டில் காந்தம் வலுவிழக்காமல் இருக்கச் சேர்க்கும் டிஸ்ப்ரோசியமோ அதில் மிகக் குறைவு. 2025 நவம்பரில் ஆண்டுக்கு 6,000 டன் காந்தம் செய்ய ரூ.7,280 கோடித் திட்டத்துக்கு மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்தது. தேவையான முடிவு, தாமதமான முடிவு.

கேள்வி: சின்ன பெட்ரோல் காருக்கு ஜி.எஸ்.டி. குறைந்துவிட்டதே, மின்சாரக் கார் விற்குமா? – இல்லத்தரசி, விவேக் நகர்

2025 செப்டம்பர் 22க்கு முன் சின்ன பெட்ரோல் காருக்கு செஸ் சேர்த்து 29 சதவீதம், மின்சாரக் காருக்கு 5 சதவீதம். இடைவெளி 24 புள்ளி. இப்போது 18க்கும் 5க்கும் இடையே 13 புள்ளி. எனவே மாதம் 500 கிலோமீட்டர்கூட ஓடாத குடும்பத்துக்குப் பெட்ரோல்தான் கணக்குக்கு வரும். தினமும் ஒயிட்ஃபீல்டு, எலக்ட்ரானிக் சிட்டி என்று அலைபவர்களுக்கு மின்சாரம் இன்னும் லாபம்.

கேள்வி: அப்பார்ட்மென்ட் பார்க்கிங்கில் 15 ஆம்பியர் சாக்கெட் போட்டேன். ஜெனரேட்டர் ஓடும்போது ‘எர்த்’ கோளாறு என்று காட்டி சார்ஜ் நின்றுவிடுகிறது. பெரிய சார்ஜர்தான் வேண்டுமா? – ஐ.டி. ஊழியர், லிங்கராஜபுரம்

பெரிய சார்ஜர் வேண்டாம். நாளுக்கு 40 கிலோமீட்டர் ஓட்டினால் செலவு சுமார் 6 யூனிட். 15 ஆம்பியர் சாக்கெட்டில் இரண்டரை மணி நேரத்துக்குள் ஏறிவிடும். அதற்குத் தனி லைன் வேண்டும்: உங்கள் மீட்டரிலிருந்தே 4 சதுர மி.மீ. செம்பு வயர், 20 ஆம்பியர் எம்.சி.பி., கரண்ட் கசிந்தால் உடனே துண்டிக்கும் 30 மில்லி ஆம்பியர் ‘ஏ’ வகை ஆர்.சி.டி. எக்ஸ்டென்ஷன் பெட்டி கூடவே கூடாது. மணிக்கணக்கில் முழு ஆம்பியர் ஓடுவதால் தளர்ந்த பின் உருகும். 7.2 கிலோவாட் சார்ஜர் பெட்டி வைத்தால் 6 சதுர மி.மீ. வயர், தூரம் 25 மீட்டரைத் தாண்டினால் 10. கூடுதல் லோடுக்கு பெஸ்காமில் விண்ணப்பியுங்கள்.

மெயின் கரண்டில் சரியாக ஏறி, ஜெனரேட்டரில் மட்டும் நிற்கிறது என்றால் சாக்கெட்டில் குறை இல்லை. அங்கே ஜெனரேட்டரின் நியூட்ரல் எர்த்தோடு இணைக்கப்படாமல் இருக்கலாம். மல்டிமீட்டரில் நியூட்ரலுக்கும் எர்த்துக்கும் இடையே பாருங்கள். 2, 3 வோல்ட் வரை பரவாயில்லை. பத்துகளில் காட்டினால் உரிமம் பெற்ற எலக்ட்ரீஷியனை வைத்து ஜெனரேட்டர் பேனலில் சரிசெய்ய வேண்டும். எர்த் சோதனையை ஏமாற்றும் பிளக்கை யாராவது நீட்டினால் வாங்காதீர்கள். காரின் உலோக உடம்பில் கரண்ட் ஏறினால் முதல் பாதுகாப்பு எர்த்தான்.

சங்கத்தார் தடுத்தால் மத்திய மின்துறையின் 2024 செப்டம்பர் வழிகாட்டுதலைக் காட்டுங்கள். வீட்டில் இருக்கும் மின் இணைப்பிலிருந்தே சொந்த வண்டிக்குச் சார்ஜ் ஏற்ற அது இடம் தருகிறது.

கேள்வி: பல வருடமாகக் கார் ஏ.சி. வேலை செய்கிறேன். மின்சாரக் கார் வந்தால் தொடலாமா? – மெக்கானிக், சிவாஜி நகர்

தொடலாம், வரிசை தவறாமல். வண்டியை அணைத்துச் சாவியைத் தள்ளி வையுங்கள். 12 வோல்ட் பேட்டரியின் நெகட்டிவைக் கழற்றுங்கள். 1000 வோல்ட் தாங்கும் ரப்பர் கையுறையில் காற்றடைத்துச் சுருட்டி ஓட்டை பாருங்கள். அதைப் போட்டுக்கொண்டு, பெரிய பேட்டரியின் இணைப்பைத் துண்டிக்கும் சர்வீஸ் பிளக்கை உருவி உங்கள் சட்டைப் பையிலேயே வையுங்கள். வேறு யாரும் மாட்டிவிடக் கூடாது. கெப்பாசிட்டர் இறங்கக் கம்பெனி சொன்ன நேரம், வழக்கமாக 5 முதல் 10 நிமிடம், காத்திருங்கள். பிறகு 1000 வோல்ட் மீட்டரை முதலில் தெரிந்த கரண்டில் சோதித்து, உயர் வோல்ட் ஓடும் ஆரஞ்சு கேபிள் முனையில் 60 வோல்ட்டுக்குக் கீழ் இருக்கிறதா என்று அளந்து, மீட்டரை மறுபடி சோதியுங்கள்.

உங்கள் தொழிலில் பெரிய ஆபத்து எண்ணெய். பெட்ரோல் கார் கம்ப்ரஸருக்கு ஊற்றும் பி.ஏ.ஜி. எண்ணெய் மின்சாரக் கம்ப்ரஸருக்குள் போகக் கூடாது. அங்கே மோட்டார் சுருளே எண்ணெயில் நனைந்து ஓடுகிறது. அதற்குரியது மின்தடை மிகுந்த பி.ஓ.இ. எண்ணெய். பி.ஏ.ஜி. கலந்தால் இன்சுலேஷன் அளவு இறங்கி, ‘ஐசொலேஷன் கோளாறு’ காட்டி வண்டி ஸ்டார்ட் ஆகாது. கம்ப்ரஸரை மட்டும் மாற்றினால் தீராது. கண்டென்சர், குழாய் எல்லாவற்றிலும் எண்ணெய் ஊறியிருக்கும். பல வேளைகளில் கலப்படம் உங்கள் கேஸ் மெஷினின் ஹோஸில் தங்கிய பழைய எண்ணெயிலிருந்தே வரும். ஆகவே மின்சாரக் காருக்குத் தனி மெஷின், இல்லையென்றால் ஒவ்வொரு முறையும் ஹோஸை ஃப்ளஷ் செய்வது. கசிவைக் காட்டும் புற ஊதாச் சாயமும் மின்சாரக் காருக்கு என்று அச்சிட்டதாக இருக்க வேண்டும். கேஸைத் தராசில் நிறுத்தே ஏற்றுங்கள். பல வண்டிகளில் பேட்டரியைக் குளிர்விப்பதும் இதே கேஸ்தான், கூடினாலும் குறைந்தாலும் வேகச் சார்ஜ் ஏறும்போது பேட்டரி சூடாகும்.