பிரெஞ்சு நடிகை டெல்ஃபின் செரிக் நடித்த படங்களை எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

பெரும்பாலும் அலென் ரெனேயின் 'லாஸ்ட் இயர் அட் மரியன்பாத்' (1961) என்றுதான் பதில் வரும். செரிக்கைப் பிரபலமாக்கிய படம் அது. ஆனால் நான் 1975-லிருந்து தொடங்கச் சொல்வேன். அந்த ஆண்டு வந்த அவருடைய இரண்டு படங்கள் போதும். இரண்டையும் இயக்கியவர்கள் பெண்கள்.

ஒன்று, ஷான்தால் அகெர்மானின் 'ழான் தீல்மான்'. 201 நிமிடம். பிரஸ்ஸல்ஸில் மகனோடு வாழும் கைம்பெண், மதிய நேரத்தில் வீட்டுக்கு வரும் ஆண்களிடம் வாங்கும் பணத்தில் குடும்பம் நடத்துகிறாள். மூன்று நாள் கதை. கேமரா அசையாமல் நிற்க, அவள் பாத்திரம் கழுவுகிறாள், கறி பிசைகிறாள், விளக்கை அணைக்கிறாள். இரண்டாம் நாள் உருளைக்கிழங்கு குழைந்துவிடுகிறது. அந்தப் பாத்திரத்தைக் கையில் வைத்துக்கொண்டு எங்கே போவதென்று தெரியாமல் செரிக் வீட்டுக்குள் நடப்பதைப் பார்த்தபோது எனக்கு நெஞ்சு அடைத்தது. இயக்குநருக்கு அப்போது 24 வயது. படப்பிடிப்பை நடிகர் சாமி ஃப்ரே வீடியோவில் பதிவு செய்திருக்கிறார். அதில் செரிக் விடாமல் கேள்வி கேட்டுக்கொண்டே இருக்கிறார். இவ்வளவு அனுபவமுள்ள நடிகை, தன்னைவிட 18 வயது சிறியவரிடம் கேட்டுக் கேட்டு வேலை செய்கிறார். அதையும் தேடிப் பாருங்கள்.

இன்னொன்று, மார்கரித் துராஸின் 'இந்தியா சாங்'. 1930-களின் கல்கத்தாவில் நடக்கும் கதை, எடுத்ததோ பிரான்ஸில். திரையில் யாருடைய உதடும் அசையாது, குரல்கள் வெளியிலிருந்து வரும். செரிக்கின் குரலுக்கே தனி ரசிகர்கள் உண்டு. அந்தக் குரலை முகத்திலிருந்து பிரித்துவிட்டார் துராஸ். அப்புறமும் செரிக் நிற்கும் விதத்திலேயே அவர் நடிக்கும் தூதர் மனைவியின் சலிப்பு தெரிகிறது.

இயக்குநர்கள் ட்ரூஃபோ, புனுவேலிடம் அவர் நடித்த படங்களை மெதுவாகப் பார்க்கலாம், அவசரமில்லை.

ஆனால் 'அழகாயிரு, வாயை மூடு' என்று பொருள்படும் தலைப்பில் செரிக்கே இயக்கிய ஆவணப்படத்தை விட்டுவிடாதீர்கள். 1975, 76-இல் வீடியோவில் எடுத்து 1981-இல் வெளியானது. கேமரா கரோல் ருசோபுலோஸ். ஜேன் ஃபோண்டா, மரியா ஷ்னைடர் உட்பட இருபதுக்கும் மேற்பட்ட நடிகைகளிடம் செரிக் பேசுகிறார். "ஆணாகப் பிறந்திருந்தால் நடிக்க வந்திருப்பீர்களா?" என்பது அவர் கேட்கும் கேள்விகளில் ஒன்று. பெரும்பாலானவர்கள் இல்லை என்கிறார்கள்.