மரியூபோல்: எங்கே போராட்டம்? – கடிதம்

அன்புள்ள ஐயா,

நீங்கள் பரிந்துரைத்த ‘20 டேஸ் இன் மரியூபோல்’ ஆவணப்படத்தைப் பார்த்தேன். தூக்கம் போய்விட்டது. படையெடுப்பை எதிர்த்து நிற்கும் ஒரு நாட்டின் படம் என்று எழுதியிருந்தீர்கள். எனக்கு அழுகையும் பிணங்களும்தான் தெரிந்தன. போராட்டம் எங்கே? என் நண்பரோ, இது உக்ரைனின் பிரச்சாரம் என்கிறார்.

ஆர்.

அன்புள்ள ஆர்.,

போர்க்களக் காட்சிகளைத் தேடினால் இதில் அதிகம் கிடைக்காது. ஊருக்குள் நடப்பதை எப்படியாவது வெளியே சேர்ப்பதுதான் இந்தப் படத்தின் போராட்டம்.

உக்ரைன் மீது ரஷ்யா படையெடுத்த 2022 பிப்ரவரி 24 அதிகாலை, முதல் குண்டு விழுவதற்கு ஒரு மணி நேரம் முன்பு, படத்தின் இயக்குநர் ம்ஸ்திஸ்லாவ் செர்னோவின் அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனக் குழு உக்ரைனின் மரியூபோல் நகருக்குள் நுழைகிறது. சில நாட்களில் மின்சாரம், தண்ணீர், தொலைபேசி எல்லாம் போய்விடுகின்றன. மார்ச் 9 அன்று மகப்பேறு மருத்துவமனை தாக்கப்படுகிறது. காயம்பட்ட கர்ப்பிணியை ஸ்ட்ரெச்சரில் வைத்து இடிபாடுகளுக்கு நடுவே தூக்கிக்கொண்டு போகிறார்களே, அந்தக் காட்சியை அனுப்ப இணையம் இல்லை. ஒரு போலீஸ் அதிகாரி இணைப்பு கிடைக்கும் இடத்துக்கு அவர்களை அழைத்துப்போகிறார். வீடியோவை மூன்று துண்டாக்கி, மூன்று செல்போன்களை வரிசையாக வைத்து, இருட்டில் அனுப்புகிறார்கள். ஊரடங்கு நேரத்தையும் தாண்டிப் பல மணி நேரம் ஆகிறது. நீங்கள் கேட்ட போராட்டம் அங்கேதான் இருக்கிறது.

மறுநாளே ரஷ்ய வெளியுறவு அமைச்சர் லாவ்ரோவ், அந்த மருத்துவமனை எப்போதோ தீவிரவாதிகள் கைக்குப் போய்விட்டது, அங்கே கர்ப்பிணிகளே இல்லை என்றார். படங்கள் வந்திருக்காவிட்டால் அந்தப் பேச்சை மறுக்க யாரால் முடிந்திருக்கும்?

சரி, பிரச்சாரம் என்கிறாரே நண்பர். சொந்த மக்கள் கடைகளைச் சூறையாடுவதைப் பிரச்சாரப் படம் காட்டுமா? கேமராக்காரர்களை ஒருவர் ஏசும் காட்சியை வெட்டாமல் விடுமா? முதல் நாள், தெருவில் அழும் பெண்ணிடம், “வீட்டுக்குப் போங்கள், பொதுமக்களைத் தாக்கமாட்டார்கள்” என்று செர்னோவ் தைரியம் சொல்கிறார். கொஞ்ச நேரத்தில் அந்தப் பகுதியிலேயே குண்டு விழுகிறது. தான் சொன்னது தவறு என்று தன் குரலிலேயே படத்தில் சொல்கிறார். அதனால்தான் நான் இந்தப் படத்தை நம்புகிறேன்.

உலகத்துக்குக் காட்டுங்கள் என்று கெஞ்சிய போலீஸ்காரர்களே கடைசியில், இங்கிருந்து போய்விடுங்கள் என்று மன்றாடுகிறார்கள். ரஷ்யர்கள் பிடித்தால், எடுத்ததெல்லாம் பொய் என்று உங்கள் வாயாலேயே கேமரா முன் சொல்லவைப்பார்கள் என்பது அவர்கள் பயம். மார்ச் 15 அன்று குழு வெளியேறியது.

2024இல் இதற்கு ஆஸ்கர் கிடைத்தது, உக்ரைனுக்கு அதுவே முதல்முறை. மருத்துவமனைக் காட்சிகளைப் பார்க்க நெஞ்சுரம் வேண்டும்தான். ஆனாலும் நண்பரை ஒருமுறை முழுதாகப் பார்க்கச் சொல்லுங்கள்.