ஜாரின் போலீசுக்குத் தெரியாததா?

வணக்கம் சார்,

ருஷ்யப் புரட்சி பற்றிய உங்கள் பழைய கட்டுரைகளை இந்த வாரம்தான் வரிசையாகப் படித்தேன். ஒரு சந்தேகம் மட்டும் தீரவில்லை. ஜார் ஆட்சியின் ரகசியப் போலீஸ் அந்தக் காலத்து ஐரோப்பாவிலேயே பேர்போனது என்கிறார்கள். புரட்சிக்காரர்களின் கொலைப்படைக்குத் தலைவனாக இருந்த அசேஃபே போலீசிடம் சம்பளம் வாங்கியவன். லெனினின் மத்தியக் குழுவிலும் அவர்களுடைய ஆள் உட்கார்ந்திருந்தான். இவ்வளவும் கையில் இருந்தும் 1917இல் ஒரே வாரத்தில் எல்லாம் சரிந்தது எப்படி? "ஜார் இளகிய மனசுக்காரன், பிடித்தவர்களைச் சுட்டுத் தள்ளாமல் சைபீரியாவுக்கு அனுப்பிப் புத்தகம் படிக்கவிட்டான், அதான் காரணம்" என்கிறார் என் நண்பர். பின்னால் லெனின் ஆட்சியில் வந்த ரகசியப் போலீசான சேக்காவோடு ஒப்பிட்டால் அவர் சொல்வது சரிதானோ என்று தோன்றுகிறது. ஸ்டாலினே ஜார் போலீசின் ஆள்காட்டிதான் என்று ஒரு காணொளியும் பார்த்தேன். உண்மையா?

எம்.

அன்புள்ள எம்.,

உங்கள் நண்பர் சொல்வதில் பாதி உண்மை. லெனின் 1895 டிசம்பரில் கைதானார். பீட்டர்ஸ்பர்க் சிறையில் 14 மாதம், பிறகு சைபீரியாவில் ஷூஷென்ஸ்கயே என்ற கிராமத்தில் 3 வருடம். அங்கே அரசாங்கமே மாதம் 8 ரூபிள் படி கொடுத்தது. புத்தகங்களைக் கட்டுக்கட்டாக வரவழைத்துக்கொண்டார், வேட்டைக்குப் போனார், குருப்ஸ்கயாவை 1898இல் அங்கேதான் கல்யாணம் செய்துகொண்டார். இதைப் படிக்கும் யாருக்கும், குறிப்பாக ஸ்டாலின் கால முகாம்களைப் பற்றிப் படித்துவிட்டு இதற்கு வருபவர்களுக்கு, அட, இவ்வளவுதானா என்று தோன்றும்தான்.

ஆனால் இந்தச் சலுகை யாருக்குக் கிடைத்தது என்று பாருங்கள். லெனின் பிரபு குடும்பத்துப் பிள்ளை, வக்கீல். அதே காலத்தில் ஒரு விவசாயியை, வரி கட்டவில்லை, குடித்துவிட்டுத் தகராறு செய்தான் என்று, வட்டார விவசாயிகள் நீதிமன்றம் பிரம்பால் அடிக்கச் சொல்லலாம். 1904 வரைக்கும் சட்டத்தில் அதற்கு இடம் இருந்தது. 1900 கணக்குப்படி கிட்டத்தட்ட 9 கோடி கிராமத்து மக்களுக்கு இருந்த போலீஸ் சுமார் 8,500 பேர். ஒரு ஆளுக்குப் பத்தாயிரம் பேர்! திருட்டுப் போனால், வீடு பற்றி எரிந்தால் அவன் வந்து சேர்வதற்குள் எல்லாம் முடிந்திருக்கும். வரி பாக்கிக்கு மாட்டை ஓட்டிக்கொண்டு போக மட்டும் தவறாமல் வருவான். பெரும்பாலான ருஷ்யர்களுக்குப் போலீஸ் என்றால் இவன்தான்; ரகசியப் போலீசை அவர்கள் கண்ணால் பார்த்ததே கிடையாது.

தூக்கில் போடத் தெரியாத ஆட்சியும் இல்லை அது. 1906 ஆகஸ்டிலிருந்து 1907 ஏப்ரல் வரை பிரதமர் ஸ்தொலீபின் கொண்டுவந்த கள ராணுவ நீதிமன்றங்கள் நடந்தன. வக்கீல் கிடையாது, மேல்முறையீடு கிடையாது, இரண்டு நாளில் விசாரணை முடியவேண்டும், தீர்ப்பு வந்த 24 மணி நேரத்துக்குள் தண்டனை. எட்டு மாதத்தில் ஆயிரம் பேருக்கு மேல் செத்தார்கள். தூக்குக் கயிற்றுக்கு ஸ்தொலீபினின் கழுத்துப்பட்டை என்றே பேர் வந்துவிட்டது. இவ்வளவு செய்தும் ஆட்சி பத்து வருடம்தான் தாங்கியது. அதனால் இளகிய மனசு என்ற வாதத்தை என்னால் ஏற்கமுடியவில்லை.

சரி, உங்கள் கேள்விக்கு வருகிறேன். எல்லாம் தெரிந்தும் எப்படி விழுந்தார்கள்? இதற்கு 1825 டிசம்பரிலிருந்து தொடங்கவேண்டும். அன்றைக்குப் பிரபு குடும்பத்து ராணுவ அதிகாரிகளே தலைநகரில் கலகம் செய்தார்கள். புதிதாகப் பட்டத்துக்கு வந்த முதலாம் நிக்கலாய் அதை அடக்கி ஐந்து பேரைத் தூக்கிலிட்டார். மறுவருடம் ஜூலையில் தன்னுடைய சொந்தச் செயலகத்திலேயே மூன்றாம் பிரிவு என்று ஒரு அலுவலகத்தைத் திறந்து பென்கென்டோர்ஃபைத் தலைவராக்கினார். தொடக்கத்தில் மொத்த ஊழியர்கள் 16 பேர். 1880இல் மூடியபோதுகூட 72 பேர்தான். நீலச் சீருடைப் போலீசான ஜாண்டார்ம் படை இவர்களுக்குக் கையும் காலுமாக இருந்தது. கள்ளநோட்டு, மதப் பிரிவினர், வெளிநாட்டுக்காரர்கள், நாடகத் தணிக்கை என்று எல்லாமே இவர்கள் தலையில்தான். புஷ்கின் எழுதிய கவிதைகூட பென்கென்டோர்ஃப் கை வழியாகத்தான் ஜாரிடம் போய் ஒப்புதல் வாங்கவேண்டும்.

அதோடு இன்னொரு வேலையும் இருந்தது. நாட்டு மக்கள் என்ன நினைக்கிறார்கள் என்று வருடாவருடம் ஜாருக்கு அறிக்கை எழுதுவது. 1839க்கான அறிக்கையில் பண்ணை அடிமைமுறை இந்த அரசின் அடியில் இருக்கும் வெடிமருந்துக் கிடங்கு என்று எழுதியிருக்கிறார்கள். இதை எழுதியது எந்தப் புரட்சிக்காரனும் இல்லை, ரகசியப் போலீஸ்! வெளியே ஒரு பத்திரிகையில் எழுதியிருந்தால் எழுதியவனை இவர்களே பிடித்துக்கொண்டு போயிருப்பார்கள். அடிமைமுறை 1861இல்தான் ஒழிந்தது, அதுவும் நிக்கலாய் செத்து அவர் மகன் வந்த பிறகு, கிரிமியப் போரில் தோற்ற பிறகு.

எனக்கு இந்த வரலாற்றில் முக்கியமாகப் படுவது இதுதான். பத்திரிகைக்கு வாய் கட்டு, பாராளுமன்றம் கிடையாது, சங்கம் வைக்கக்கூடாது. அப்படிப்பட்ட நாட்டில் மக்கள் மனசு என்னவென்று ராஜாவுக்குச் சொல்ல மிச்சமிருந்த ஒரே ஆள் ஒற்றன். அவன் பல சமயம் உண்மையைத்தான் சொன்னான். ஆனால் அந்த உண்மையை ராஜாவும் நாலு மந்திரிகளும் மட்டும்தான் படித்தார்கள். ஏன் ஒன்றும் செய்யவில்லை என்று அவர்களைக் கேட்க நாட்டில் யாருக்கும் வழியில்லை. படித்துவிட்டு அவர்கள் பதிலாகச் செய்யத் தெரிந்து வைத்திருந்ததும் கைது ஒன்றுதான்.

அந்தக் கைதையும் கோர்ட் பக்கமே போகாமல் செய்ய 1881இல் சட்டம் போட்டார்கள். இரண்டாம் அலெக்சாண்டரை மார்ச் 1ஆம் தேதி (இங்கே எல்லாத் தேதியும் பழைய ருஷ்ய நாட்காட்டிப்படி) குண்டு வீசிக் கொன்ற பிறகு ஆகஸ்ட் 14 அன்று வந்தது அது. மூன்று வருடத்துக்கான தற்காலிகச் சட்டம் என்று சொல்லித்தான் கொண்டுவந்தார்கள். நீட்டி நீட்டி 1917 வரை வைத்திருந்தார்கள். சட்டம் அமலில் இருக்கும் மாகாணத்தில் கவர்னர் கூட்டத்தைத் தடை செய்யலாம், கடையை மூடலாம், மூன்று மாதம் உள்ளே தள்ளலாம். குற்றம் என்று எதையும் நிரூபிக்காமலே, ஆள் சரியில்லை என்ற சந்தேகத்துக்காக மட்டும் ஐந்து வருடம் வரை ஊர்கடத்தலாம். பல்கலைக்கழகத்தில் சேர வேண்டுமா, அரசு வேலை வேண்டுமா, நம்பத்தகுந்தவர் என்று போலீஸ் ஒரு சான்றிதழ் கொடுக்கவேண்டும். சேக்காவோடு எண்ணிக்கையை ஒப்பிட்டால் ஜார் காலம் சின்னதுதான், மறுக்கவில்லை. ஆனால் செய்ததற்காக இல்லாமல் இன்னார் என்பதற்காகவே ஒருவனைக் கோர்ட்டுக்கு வெளியே தண்டிக்கலாம் என்பது 36 வருடம் அந்த நாட்டில் நடைமுறையாக இருந்திருக்கிறது. 1917 டிசம்பரில் சேக்கா தொடங்கியவர்கள் அதே நடைமுறையில் அடிபட்டு வளர்ந்தவர்கள்.

வேலையில் இவர்கள் கெட்டிக்காரர்கள். பெரிய ஊர்த் தபால் நிலையங்களில், வெளிநாட்டுப் பத்திரிகைத் தணிக்கை என்ற பேரில் ஒரு அறை இருக்கும். அங்கே கடிதங்களை ஆவியில் காட்டிப் பிரிப்பார்கள், நகல் எடுப்பார்கள், முத்திரை உடைந்திருந்தால் அச்சு அசலாக வேறு முத்திரை வைத்து ஒட்டி அனுப்புவார்கள். 1887இல் மூன்றாம் அலெக்சாண்டரைக் கொல்லத் திட்டமிட்ட மாணவர்களில் ஒருவர் கார்க்கோவில் இருந்த நண்பருக்கு எழுதிய ஒரு கடிதம் இப்படிப் பிரிக்கப்பட்டதில்தான் கூட்டம் முழுக்க மாட்டியது. லெனினின் அண்ணன் அலெக்சாண்டர் உல்யானோவ் தூக்கில் ஏறினது அந்த வழக்கில்தான். 1890களில் மாஸ்கோ ஒக்ரானாவை (மூன்றாம் பிரிவுக்குப் பின் வந்த ரகசியப் போலீசின் பேர் அது) ஸுபாதோவ் என்ற அதிகாரி எடுத்து நடத்தியபோது கைதானவர்களைப் படம் பிடித்து, உடம்பை அளந்து, அட்டை போட்டுக் கோப்பு வைத்தார்கள். மெத்னிகோவ் என்று எழுத்து வாசனை அதிகம் இல்லாத ஒரு ஆள் மஃப்டி ஆட்களைப் பழக்கினான். குதிரைவண்டிக்காரன், கூவி விற்பவன், சுமைதூக்கி என்று வேஷம் போட்டுக்கொண்டு தெருமுனையில் நிற்பார்கள். பின்தொடரும் ஆளுக்கு ஒரு பட்டப்பேர் வைத்து, எத்தனை மணிக்கு எந்த வீட்டுக்குள் போனான், யாரோடு வெளியே வந்தான் என்று ராத்திரி நோட்டில் எழுதிக் கொடுப்பார்கள்.

இத்தனை கெட்டிக்காரத்தனத்துக்குள்ளும் பெரிய ஓட்டை இருந்தது. கிளெதோச்னிகோவ் என்ற சாதுவான மனிதர் 1879இல் மூன்றாம் பிரிவில் எழுத்தராகச் சேர்ந்தார். உளவு சொல்லும் ஒரு விடுதிக்கார அம்மாவோடு சீட்டாடி வேண்டுமென்றே தோற்று, அந்த அம்மாவின் சிபாரிசில் கிடைத்த வேலை. அழகான கையெழுத்து என்பதால் ரகசியக் காகிதமெல்லாம் நகலெடுக்க அவரிடமே வந்தது. அவரோ புரட்சிக்காரர்கள் அனுப்பிய ஆள்; அந்த வருடமே உருவான மக்கள் சித்தம் என்ற புரட்சி அமைப்புக்குத்தான் பிறகு வேலை செய்தார். ஆள்காட்டிகளின் பேர்களை மனப்பாடம் செய்துகொண்டுபோய் இரண்டு வருடம் சொல்லிக்கொண்டிருந்தார். 1881 ஜனவரியில் பிடிபட்டு 1883இல் கோட்டைச் சிறையில் செத்தார்.

அசேஃப் கதை இதற்குத் தலைகீழ். 1893இல் ஜெர்மனியில் கார்ல்ஸ்ரூஹேயில் படிக்கும்போது தானாகவே போலீஸ் இலாகாவுக்குக் கடிதம் போட்டு மாதம் 50 ரூபிளுக்கு ஆள்காட்டியானவன். பத்து வருடத்தில் சோஷலிஸ்ட் புரட்சியாளர் கட்சியின் கொலைப்படைக்கே தலைவன். 1904 ஜூலை 15 அன்று உள்துறை மந்திரி பிளேவெ குண்டு வீச்சில் செத்தார். போலீஸ் முழுவதும் பிளேவெயின் கீழ். அசேஃப் வாங்கிய சம்பளம் அவருடைய இலாகா கொடுத்தது. கொலையை ஏற்பாடு செய்தவன் அசேஃப். மறுவருடம் ஜாரின் சித்தப்பா செர்கேய் போனதும் அதே படையின் கையால்தான். மேலதிகாரிகளுக்குச் சந்தேகமே வரவில்லையா என்றால், வந்தாலும் விடமுடியாது என்பதுதான் நிலைமை. ஆள்காட்டி கட்சியில் எவ்வளவு மேலே ஏறுகிறானோ அவ்வளவு நல்ல தகவல். மேலே ஏறவேண்டுமென்றால் காரியம் செய்து காட்டவேண்டும். சில கொலைகளைக் காட்டிக்கொடுத்தான், சிலதை நடத்தி முடித்தான். கடைசியில் அவனை வெளிப்படுத்தியது பூர்த்செவ் என்ற பத்திரிகைக்காரர். 1908இல் கொலோனிலிருந்து பெர்லின் போகும் ரயிலில், முன்னாள் போலீஸ் இலாகா இயக்குநர் லோபூகினோடு ஒரே பெட்டியில் உட்கார்ந்து, மணிக்கணக்காகப் பேசி உண்மையை வரவழைத்தார். லோபூகினை அரசு சைபீரியாவுக்கு அனுப்பியது. அசேஃப் தப்பித்து பெர்லினில் பங்குச்சந்தையில் பணம் பண்ணி 1918இல் அங்கேயே செத்தான்.

அப்படியும் பாடம் படிக்கவில்லை. 1911 செப்டம்பர் 1 அன்று கீவ் நாடக அரங்கில், ஜாரும் வந்திருந்த இடத்தில், ஸ்தொலீபினைச் சுட்ட பக்ரோவ் ஒரு போலீஸ் ஆள்காட்டி. கொலைகாரர்கள் ஊருக்கு வந்திருக்கிறார்கள், நான் அடையாளம் காட்டுகிறேன் என்று கதை சொன்னான். கீவ் ஒக்ரானாத் தலைவர் குல்யாப்கோவே நுழைவுச்சீட்டு கொடுத்து உள்ளே அனுப்பினார்.

நீங்கள் சொன்ன மத்தியக் குழு ஆள் மலினோவ்ஸ்கி. 1905 கலகத்துக்குப் பணிந்து ஜார் டூமா என்ற பாராளுமன்றத்தைக் கொடுத்தார் அல்லவா, 1912 தேர்தலில் அதற்குள் இவனைக் கொண்டுபோனார்கள். திருட்டு வழக்கில் உள்ளே இருந்தவன், அந்தப் பழசை மறைத்து ஜெயிக்கவைத்தது போலீஸ். மாதம் 500, பிறகு 700 ரூபிள். லெனினின் கட்சியான போல்ஷெவிக் குழுவின் சார்பில் அவன் டூமாவில் பேசும் பேச்சு லெனினிடம் ஒரு தடவை போகும், போலீஸ் இயக்குநர் பெலெத்ஸ்கியிடம் ஒரு தடவை போகும். நாட்டில் உண்மையைப் பேசுவதற்கென்று முதல்முறையாக ஒரு இடம் திறந்தபோது அதற்குள்ளும் போலீஸ் எழுதிய வசனத்தை நுழைத்தார்கள் என்பதுதான் எனக்கு ஆறவே மாட்டேன் என்கிறது. 1914இல் துணை மந்திரி ஜுன்கோவ்ஸ்கி இது அசிங்கம் என்று சொல்லிப் பணம் கொடுத்து அவனை வெளிநாட்டுக்கு அனுப்பினார். மலினோவ்ஸ்கி துரோகி என்பதை லெனின் நம்ப மறுத்தார். 1917இல் போலீஸ் கோப்புகள் திறந்தபோது உண்மை வெளிவந்தது. மறுவருடம் அவன் தானாகத் திரும்பி வந்தான், சுட்டுவிட்டார்கள்.

இப்போது அந்த ஒரு வாரத்துக்கு வருவோம். 1917 ஜனவரியில் பெட்ரோகிராட் (பீட்டர்ஸ்பர்க்கின் அப்போதைய பேர்) ஒக்ரானா ஒரு அறிக்கை எழுதியது. கடை வாசலில் முடிவில்லாமல் வரிசையில் நின்று களைத்து, அரைப்பட்டினியில் நோயோடு கிடக்கும் பிள்ளைகளைப் பார்த்து நொந்துபோன தாய்மார்கள், மிலியுகோவ் மாதிரி எதிர்க்கட்சித் தலைவர்களைவிடப் புரட்சிக்கு மிக அருகில் இருக்கிறார்கள்; ஒரு பொறி விழுந்தால் போதும், பற்றிக்கொள்ளும் என்று தெளிவாக இருக்கிறது அதில். பிப்ரவரி 23 அன்று அந்தப் பெண்கள்தான் முதலில் தெருவுக்கு வந்தார்கள். எந்தக் கட்சித் தலைவனைப் பிடித்து அதை நிறுத்துவது? மூன்றாம் நாள் ஜார் தலைநகர ராணுவத் தளபதிக்கு, நாளைக்கே கலவரத்தை நிறுத்து என்று தந்தி கொடுத்தார். ரொட்டியைப் பற்றி அதில் ஒரு வார்த்தை இல்லை. 27ஆம் தேதி படைவீரர்களே மக்கள் பக்கம் போய்விட்டார்கள், அன்றைக்கே ஒக்ரானா அலுவலகமும் எரிந்தது.

கடைசியாக ஸ்டாலின். அந்தக் காணொளி பெரும்பாலும் யெரியோமின் கடிதத்தை வைத்துத்தான் பேசியிருக்கும். 1906லிருந்து ஸ்டாலின் தகவல் கொடுத்தார் என்று போலீஸ் அதிகாரி யெரியோமின் 1913 ஜூலையில் எழுதியதாகச் சொல்லி 1956இல் அமெரிக்காவில் வெளியானது. அந்தத் தேதிக்கு முன்பே யெரியோமின் அந்தப் பதவியிலிருந்து பின்லாந்துக்கு மாற்றப்பட்டுவிட்டார். அது போலி என்பதே பெரும்பாலான ஆய்வாளர்களின் முடிவு. இத்தனை தடவை தப்பித்திருக்கிறாரே என்பார்கள். ஊர்கடத்தப்பட்டவர்கள் தப்பிப்பது அந்தக் காலத்தில் சர்வசாதாரணம், காவலுக்கு ஆள் இருந்தால்தானே. அதுவும் போக, 1913 பிப்ரவரியில் ஸ்டாலினைக் காட்டிக்கொடுத்ததே மலினோவ்ஸ்கிதான். ஆர்க்டிக் வட்டத்தை ஒட்டிய துருகான்ஸ்க் பகுதிக்கு அனுப்பினார்கள், ஜார் விழும்வரை சைபீரியாவில்தான் கிடந்தார். சம்பளம் கொடுக்கும் ஆளை எந்தப் போலீசும் நாலு வருடம் அங்கே போட்டு வைக்காது. வேறு நம்பகமான ஆதாரம் எதையும் நான் பார்த்ததில்லை, அதனால் அந்தக் காணொளியை நம்பவேண்டாம்.