கஜா புயல் முடிந்து இத்தனை வருடம் ஆகியும் ஊருக்குப் போனால் நெஞ்சு படபடக்கிறதே, ஏன்?

2018 நவம்பர் 16 விடியற்காலையில் வேதாரண்யம் பக்கம் கஜா கரையேறியபோது ஓட்டு வீட்டுக்குள் ஒடுங்கிக் கிடந்தவருக்கு, ஊர் எல்லையிலேயே கை வியர்ப்பது கோழைத்தனம் இல்லை. மூளையில் பயத்தைப் பதிந்துகொள்ளும் அமிக்டலா தேதி பார்ப்பதில்லை. தென்னை மட்டை கூரையில் உரசும் சத்தம் போதும், உடம்பு அந்த ராத்திரிக்கே போய்விடும். ஈரச் சேற்று வாடை இன்னும் மோசம். மற்ற புலன்களைப் போல, மூளையின் இடைநிலையமான தலாமஸ் வழியாகச் சுற்றாமல் வாடை நேரே அமிக்டலாவுக்குப் போய்ச் சேரும்.

போகாமலே இருந்தால் பயம் குறையாது. அதற்காக, "தைரியமாப் போ" என்று தள்ளிவிடும் பெரியப்பாக்களை நம்பவும் வேண்டாம். பகலில், துணையோடு, முதல் தடவை பட்டுக்கோட்டை வரை, அப்புறம் தோப்பு. மரம் சாய்ந்த இடத்தில் புதுக் கன்று நிற்பதைப் பார்த்தால் மூளை அதையும் பதியும். பழையது அழியாது, அடங்கும். தூக்கமே கெட்டால் அரசின் மனநல உதவி எண்ணான டெலி மானஸ் 14416. தமிழிலேயே பேசலாம், கட்டணம் இல்லை.