யானைமலை எதிரிலேயே இருக்க, கொடைக்கானல் எதற்கு?

கேள்வி: ஒத்தக்கடையில் இருக்கிறேன். வயது 26. ஜவுளிக்கடையில் கணக்கு எழுதுகிறேன். இரவில் உட்கார்ந்து வாட்டர்கலரில் மலை, வயல், கண்மாய் என்று வரைவேன். செல்போனில் எடுத்த போட்டோவைப் பார்த்துத்தான் எல்லாம். அச்சு அசலாக வருகிறது, ஆனால் உயிர் இல்லை. கொடைக்கானலில் பத்து நாள் தங்கி வரைந்தால் மாறுமா? "மலையை யாரு வாங்குவா, சாமி படம் போடு" என்கிறார் அம்மா.
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: கொடைக்கானலுக்கு ஆசைக்குப் போய் வாருங்கள் தங்கச்சி, படத்துக்காகப் போக வேண்டாம். அங்கேயும் போட்டோ எடுத்து வந்து இரவில்தான் வரைவீர்கள்.

செல்போன் கேமரா நிழலைத் தூக்கி, வெளிச்சத்தை அமுக்கி எல்லாவற்றையும் சமன் செய்துவிடுகிறது. படத்துக்கு உயிர் தருவதே அந்த ஏற்ற இறக்கம்தான். உங்கள் மொட்டை மாடியிலிருந்து யானைமலை தெரியுமே! விடுமுறை நாளில் காலை ஆறு மணிக்கு ஒரு படம், பத்து மணிக்கு ஒன்று, சாயங்காலம் ஒன்று வரையுங்கள். ஒவ்வொன்றுக்கும் இருபது நிமிடம் போதும், அதற்குள் வெளிச்சம் நகர்ந்துவிடும். சாயங்காலம் பாறையின் நிழல் பக்கத்துக்குக் கறுப்பைத் தொடாதீர்கள். உற்றுப் பார்த்தால் வானத்தின் நீலம் அதில் விழுந்து கத்தரிப்பூ நிறமாகத் தெரியும். மழை பெய்த மறுநாள் கட்டாயம் பாருங்கள். தண்ணீர் காலங்காலமாக வழிந்த தடங்கள் மேலிருந்து கீழாகக் கருவரிகளாகத் துலங்கும். எனக்கு அந்த மலையில் மிகவும் பிடித்தது அதுதான்.

மதுரை வெயிலில் வண்ணம் பூசப் பூசக் காய்ந்துவிடும். 300 ஜிஎஸ்எம் என்று போட்ட கெட்டித் தாள் வாங்கி, இரண்டு பக்கமும் நனைத்துவிட்டு ஆரம்பியுங்கள். தாள் நிழலில் இருக்கட்டும். வெயில் பட்டால் வண்ணம் வெளிறித் தெரியும், நீங்களும் அழுத்திப் பூசிவிடுவீர்கள். அப்புறம் வீட்டுக்குள் வந்து பார்த்தால் படம் இருண்டு கிடக்கும்.

பிரான்சில் செசான் என்ற ஓவியர் தன் ஊர் மலை ஒன்றையே வருடக்கணக்கில் திரும்பத் திரும்ப வரைந்தார். 1906ல் வெளியே வரைந்துகொண்டிருந்தபோது மழையில் மாட்டி, சில நாட்களில் இறந்துபோனார். அதுவரைக்கும் அந்த மலை அவருக்கு அலுக்கவில்லை.

அம்மா கேட்டதும் நியாயமான கேள்விதான். மேலூர் பக்கம் குன்றுகள் சூழ்ந்த அரிட்டாபட்டி 2022ல் தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்டது. அந்தப் பகுதியையும் சேர்த்து 2024ல் டங்ஸ்டன் சுரங்கத்துக்கு ஏலம் விட்டார்கள். சுற்றுவட்டார ஊர்க்காரர்கள் ஆயிரக்கணக்கில் மதுரைக்குப் பேரணியாக வந்தார்கள். 2025 ஜனவரியில் ஏலம் ரத்தானது. மலைக்காக இத்தனை பேர் நடந்த மண் இது. அவர்கள் வீட்டுச் சுவரில் மலைக்கு ஓர் ஆணி இருக்காதா? தபால் அட்டை அளவில் பத்துப் படம் வரைந்து, சட்டம் போட்டு, கையில் வைத்திருங்கள். முதல் படத்தை அம்மாவிடமே கொடுங்கள். சாமி படத்துக்குப் பக்கத்தில் மாட்டச் சொல்லுங்கள்.