நீலகிரியில் கள ஆய்வு: காலனியப் பார்வையை எப்படி விடுவது?

நீலகிரிப் பழங்குடிகளிடம் ஆய்வு செய்யும்போது 'காலனிய நீக்கம்' என்றால் நடைமுறையில் என்ன என்று கேட்டிருக்கிறீர்கள்.

கேள்வியை யார் முடிவு செய்கிறார்கள், பதில் யாருக்குச் சொந்தம் என்பதை மாற்றுவதுதான். ஆங்கிலேய ஆய்வாளர் ரிவர்ஸ் 1901-02இல் எருமை வளர்க்கும் நீலகிரிப் பழங்குடிகளான தோடர்களிடம் தகவல் திரட்டி, 1906இல் பெரிய நூலாக வெளியிட்டார். வம்சாவளிகளை அவர் பதிந்த முறை அருமையானது, மறுக்கவில்லை. ஆனால் எருமைப் பால் சார்ந்த புனிதச் சடங்குகளைப் பற்றிச் சொன்னவர்கள் வீட்டில் நோயும் சாவும் வந்தன. சொல்லக் கூடாததைச் சொன்ன தெய்வக் குற்றம் என்றே தோடர்கள் நினைத்தார்கள். இதை ரிவர்ஸே எழுதியிருக்கிறார். சடங்குகளையும் சேர்த்தே அச்சிட்டார். என்னைப் பொறுத்தவரை அங்கே அவர் நிறுத்தியிருக்க வேண்டும்.

தோடர்களின் மேய்ச்சல் புல்வெளியில் வெளிநாட்டு மரங்களான சீகையும் (வாட்டில்) கற்பூர மரமும் (யூகலிப்டஸ்) நட்டதும் எருமை வளர்த்தவர்களைக் கேட்காமல்தான். இன்று சீகையை வெட்டிப் புல்வெளியை மீட்கப் பார்க்கிறோம்.

சரி, நீங்கள் செய்ய வேண்டியது: மந்துக்கு (தோடர் குடியிருப்புக்கு) கேள்வித்தாளோடு போகாதீர்கள். எதை ஆராயலாம், எதை எழுதக் கூடாது என்று பெரியவர்களிடம் முதலில் கேளுங்கள். பாரம்பரிய அறிவின் மீது சமூகத்துக்கு உள்ள உரிமையை 2006 வன உரிமைச் சட்டமே ஏற்கிறது. அப்புறம், ஆய்வேட்டைச் சமர்ப்பிக்கும் முன் அவர்களுக்குத் தமிழில் வாசித்துக் காட்டுங்கள். அவர்கள் நீக்கச் சொல்வதை நீக்குங்கள்.